தாழைக்குள் கடல் குதிரை: தொடாமல் பார்க்க, ஒழுங்காக எண்ண, வலையிலிருந்து விடுவிக்க

கரையோரத்தில் தாழை என்று சொல்லும் கடற்புல் வெளியில் முதல்முறை இறங்குகிறவர்கள் பெரும்பாலும் கடல் குதிரைக்கு மேலேயே மிதந்து போய்விட்டு, “இங்கே ஒன்றும் இல்லை” என்று கரையேறுவார்கள். அவர்கள் கண்ணில் கோளாறு ஏதும் இல்லை. பார்க்கிறவர் கண்ணுக்குத் தப்பித்தான் அந்த மீன் காலம் காலமாகப் பிழைத்து வந்திருக்கிறது. அதைப் பார்க்கத் தனிப் பழக்கம் வேண்டும். மூன்று நான்கு காலைகள் பொறுமையாகச் செலவிட்டால் யாருக்கும் வந்துவிடும்.

பாக் விரிகுடாக் கரையில், மண்டபம், தேவிபட்டினம், தொண்டி, சேதுபாவாசத்திரம், அதிராம்பட்டினம் பக்கம் இருக்கும் மாணவர்கள், நீச்சல் தெரிந்த தன்னார்வலர்கள், வல்லம் என்னும் நாட்டுப்படகில் போகும் இளைஞர்கள் ஆகியோரை நினைத்து இது எழுதப்படுகிறது. எதிர்க்கரையில் மன்னார், யாழ்ப்பாணம் பக்கமும் இதே புல்லும் இதே மீனும் உண்டு. சட்டம் மட்டும் வேறு.

ஒன்றை முதலிலேயே மனதில் வைத்துக்கொள்ளுங்கள். கண்டதை மட்டும் எழுதிவைத்தால், “இங்கே கடல் குதிரை உண்டு” என்பதற்கு மேல் அந்தக் குறிப்பு எதையும் சொல்லாது. எவ்வளவு இடத்தை, எவ்வளவு நேரம், எத்தனை பேர் தேடினீர்கள் என்பதையும், தேடியும் காணாத நாட்களையும் சேர்த்து எழுதினால்தான் குறைகிறதா, கூடுகிறதா என்று ஐந்து வருடம் கழித்துச் சொல்ல முடியும். கீழே வரும் அளவுகளும் படிகளும் அதற்காகத்தான்.

தண்ணீரில் இறங்குவதற்கு முன் சட்டம்

கடல் குதிரைகளும் அவற்றின் உறவான குழல்மீன்களும் 2001 ஜூலை முதல் இந்திய வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம், 1972-ன் முதலாம் அட்டவணையில் இருக்கின்றன. புலிக்கும் ஆவுளியா என்னும் கடற்பசுவுக்கும் உள்ள அதே பாதுகாப்பு. பிடிப்பது, பிடிக்க முயல்வது, காய்ந்ததை வீட்டில் வைத்திருப்பது, விற்பது எல்லாமே குற்றம். தண்டனை 3 முதல் 7 ஆண்டு வரை சிறை. “படம் எடுக்க ஒரு நிமிடம் பாட்டிலில் போட்டேன்” என்ற சமாதானம் எடுபடாது. வீட்டுத் தொட்டியில் வளர்க்கும் ஆசையையும் இங்கேயே விட்டுவிடுங்கள்.

மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் அவற்றைச் சுற்றிய கடலும் 1986-லிருந்து தேசியப் பூங்கா. அங்கே வனத்துறை அனுமதி இல்லாமல் போகவே கூடாது. தஞ்சாவூர், புதுக்கோட்டை மாவட்டக் கடலில் 448 சதுர கிலோமீட்டர் 2022-ல் கடற்பசுப் பாதுகாப்பகமாக அறிவிக்கப்பட்டிருக்கிறது. அந்த எல்லைக்குள் அளவு நாடா விரித்துக் கணக்கெடுப்பதானால் வனச்சரக அலுவலகத்தில் எழுத்து மூலம் சொல்லி அனுமதி வாங்குங்கள். மற்ற இடங்களிலும் உள்ளூர் மீனவர் சங்கத்தில் ஒரு வார்த்தை சொல்லாமல் இறங்காதீர்கள். அவர்கள் வலை எங்கே கிடக்கிறது, எந்தப் பக்கம் சேறு வாங்கும் என்று அவர்களுக்குத்தான் தெரியும். அறிமுகமில்லாதவர்கள் கண்ணாடி மாட்டிக்கொண்டு கரையோரம் மிதந்தால் கடல் அட்டை திருடர்கள் என்று சந்தேகம் வருவதும் இயல்புதான்.

எதைத் தேடுகிறோம்

ஆழம் குறைந்த புல்வெளியில் நீங்கள் அதிகம் எதிர்பார்க்க வேண்டியது ஹிப்போகாம்பஸ் குடா என்ற இனம். வளர்ந்தது 7 முதல் 17 செ.மீ. உடம்பில் கூர்முள் கிடையாது. வளையங்கள் சந்திக்கும் இடங்களில் மழுங்கிய குமிழ்கள்தான். தலைக் கொண்டை தாழ்வாக, சற்றுப் பின்னோக்கிச் சாய்ந்து, முனை உருண்டிருக்கும். நிறத்தை நம்பாதீர்கள். ஒரே இனம் கறுப்பாகவும், மஞ்சளாகவும், பாசி படிந்த பழுப்பாகவும் இருக்கும். ஒரே மீன் இடத்துக்குத் தக நிறம் மாற்றும்.

முப்புள்ளிக் கடல் குதிரை பெரும்பாலும் இன்னும் ஆழத்தில், இழுவை மடியில் (விசைப்படகு இழுத்துச் செல்லும் வலையில்) வருவது. முதுகின் பக்கவாட்டில் 1, 4, 7-ஆம் உடல் வளையங்களில் கரும்புள்ளிகள் இருந்தால் அது. ஆனால் கருத்த மீனில் புள்ளி தெரியாது. அப்போது கன்னத்து முள்ளைப் பாருங்கள், கொக்கி போல வளைந்திருக்கும். உடம்பு முழுக்க நன்றாக எழும்பிய முட்கள் இருந்தால் ஹிப்போகாம்பஸ் ஸ்பினோசிஸிமஸ். மூக்கும் நீண்டு, முட்களும் நீண்டு கூராக இருந்தால் ஹிஸ்ட்ரிக்ஸ். சந்தேகம் இருந்தால் “கடல் குதிரை, இனம் தெரியவில்லை” என்று எழுதுங்கள். ஊகித்து எழுதிய பெயரைப் பின்னால் யாராலும் திருத்த முடியாது.

ஆண், பெண் பிரிப்பது சுலபம் போலத் தோன்றும். வயிறு முடிந்து வால் தொடங்கும் இடத்தில் வழவழப்பான பை இருந்தால் ஆண். பெண்ணுக்கு அந்த இடத்தில் உடம்பு சட்டென்று ஒடிந்து வால் தொடங்கும். தவறு நடப்பது சின்ன மீன்களில். பை வளராத இளம் ஆணும் பெண்ணும் ஒரே மாதிரி இருக்கும். ஆகவே 7 செ.மீ.க்குக் குறைந்த, பையில்லாத மீனுக்கு “இளசு” என்று மட்டும் போடுங்கள். இதைக் கவனிக்காத கணக்குகளில் பெண்கள் எண்ணிக்கை காரணமில்லாமல் கூடிக் கிடக்கும்.

பெண் முட்டைகளை ஆணின் பைக்குள் இடுகிறது. அங்கே குஞ்சுகள் வளர்ந்து வெளிவர, தண்ணீரின் சூட்டைப் பொறுத்து, மூன்று நான்கு வாரம் ஆகும். ஒரு ஈற்றில் சில நூறு குஞ்சுகள். ஒவ்வொன்றும் ஒரு சென்டிமீட்டர்கூட இருக்காது. பிறந்த நாளிலிருந்து அவை தம் இரையைத் தாமே தேட வேண்டும். கடல் குதிரைக்குப் பல்லும் இல்லை, இரைப்பையும் இல்லை. சின்னஞ்சிறு இறால் வகைகளை மூக்குக் குழலால் உறிஞ்சி விழுங்கிக்கொண்டே இருக்க வேண்டும். நீங்கள் அதைப் பயமுறுத்தி விரட்டிய பத்து நிமிடம் அதற்குப் பட்டினி நேரம்.

எந்த மாதம், எந்த நேரம்

மண்டபம், பாம்பன் பக்கம் பாக் விரிகுடாவை வடகடல் என்றும் மன்னார் வளைகுடாவைத் தென்கடல் என்றும் சொல்வார்கள். வாடை அடிக்கும் மாதங்களில் வடகடல் கலங்கிக் கிடக்கும். கச்சான் என்னும் தென்மேற்குக் காற்றுக் காலத்தில் தென்கடல் கொந்தளிக்கும். வடகடலில் தொடங்குகிறவர்களுக்கு வாடை ஓய்ந்த பிறகு வரும் பிப்ரவரி, மார்ச், ஏப்ரல் நல்ல காலம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுத் தடைக்காலம். அந்த நாட்களில் எடுத்த கணக்கையும் தடைக்கு முன் எடுத்த கணக்கையும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது மிகவும் பயனுள்ளது, ஆகவே இரண்டையும் தவறவிடாதீர்கள்.

காலை 7 மணிக்கு இறங்கி 10 மணிக்குள் ஏறிவிடுங்கள். வெயில் ஏற ஏறக் காற்றும் ஏறும். சின்ன அலை அடித்தாலே ஒரு மீட்டர் தண்ணீரில் சேறு கிளம்பிவிடும். பாக் விரிகுடாவில் ஏற்றத்துக்கும் வற்றத்துக்கும் வித்தியாசம் ஒரு மீட்டரைத் தொடாது. அதனால் இங்கே ஓதத்தைவிடக் காற்றையும் நீவாட்டையும் (நீரோட்டத்தையும்) பார்த்துத்தான் நாள் குறிக்க வேண்டும். மழை பெய்து ஆற்றுத் தண்ணீர் வந்த அடுத்த நாட்களில் போக வேண்டாம்.

இறங்கியதும் முதலில் தெளிவை அளந்து பாருங்கள். எழுது பலகையை ஒருவர் பிடித்துக்கொள்ள, மற்றவர் அளவு நாடாவோடு பின்னோக்கி மிதக்க வேண்டும். பலகை மறையும் தூரம் ஒன்றரை மீட்டருக்குக் குறைவாக இருந்தால் அன்றைக்குக் கணக்கெடுப்பை நிறுத்திவிட்டுப் பழக்கத்துக்கு மட்டும் தேடுங்கள். கலங்கல் தண்ணீரில் எடுத்த “பூஜ்யம்” மீன் இல்லை என்று சொல்லவில்லை, உங்களுக்குத் தெரியவில்லை என்றுதான் சொல்கிறது. இரண்டையும் கலந்துவிடக் கூடாது.

என்னென்ன வேண்டும்

முகக் கண்ணாடி, மூச்சுக் குழல், முழுக்கை மேல்சட்டை, இறுக்கமான நீளக் காற்சட்டை, அடி தடித்த ரப்பர் காலணி. துடுப்புக் காலணி ஆழம் குறைந்த இடத்தில் வேண்டாம். ஒரு உதை விட்டால் பின்னால் வருகிறவருக்கு ஒன்றும் தெரியாது. கையுறையும் வேண்டாம். கையுறை போட்ட கை எதையாவது பிடிக்கப் பார்க்கும்.

30 மீட்டர் ஃபைபர் அளவு நாடா ஒன்று. துணி நாடா நனைந்தால் நீளும். இரு முனையிலும் கட்ட அரைக் கிலோ ஈயக் குண்டு இரண்டு. புல்லுக்குள் இரும்புக் கம்பி அடிக்காதீர்கள், வேர்த்தண்டு அறும். மிதவைக்கு மூடி இறுகிய 5 லிட்டர் காலி கேன், அதன் மேல் சிவப்புத் துணி. படகு ஓட்டுகிறவர் கண்ணில் நீங்கள் படுவது அதை வைத்துத்தான். எழுதுவதற்கு வெள்ளை பி.வி.சி. தகடு, மணல்தாளால் லேசாகத் தேய்த்தது. பென்சிலை நூலால் கட்டிவிடுங்கள். தகட்டின் ஓரத்தில் சென்டிமீட்டர் கோடுகளை நகம் பதிய கீறி மையிட்டு வையுங்கள், அதுவே அளவுகோல். 20 மி.மீ. பி.வி.சி. குழாயில் 50க்கு 50 செ.மீ. சதுரச் சட்டம் ஒன்று. குழாயில் துளை போட்டால் தண்ணீர் புகுந்து மூழ்கும், போடாவிட்டால் மிதந்து உயிரை வாங்கும்.

தனியாக ஒருபோதும் போகாதீர்கள். தண்ணீரில் இரண்டு பேர், கரையிலோ வல்லத்திலோ ஒருவர். கடலோரக் காவல் உதவி எண் 1093, கடலோரக் காவல்படை 1554. கரையில் இருப்பவர் கைபேசியில் இவை இருக்கட்டும். நடந்து போக வேண்டிய இடத்தில் காலைத் தூக்கி வைக்காமல் தரையோடு தேய்த்து நடங்கள், மணலில் புதைந்த திருக்கை விலகிப் போகும். முள் குத்திவிட்டால் 45 டிகிரிக்கு மேற்படாத, தாங்கக்கூடிய சுடுநீரில் அரை மணி முதல் ஒன்றரை மணி நேரம் காலை அமிழ்த்தி வைத்தால் வலி தணியும். முள் துண்டு உள்ளே தங்கியிருக்கலாம் என்பதால் மருத்துவமனைக்குக் கட்டாயம் போங்கள்.

கண்ணைப் பழக்குவது

முதல் இரண்டு நாள் கணக்கெடுப்பு வேண்டாம். புல்லை மட்டும் பாருங்கள். கரைப் பேச்சில் எல்லாமே பாசி, தாழைதான். ஆனால் இலையைப் பார்த்தால் பிரித்துவிடலாம். நீள நாடா போல, அடியில் கறுப்பு நார் சுற்றியிருந்தால் எனலஸ். இலை நுனி ரம்பம் போல் பல்லிட்டிருந்தால் சைமோடோசியா செருலேட்டா. இலை உருண்டு, நூடுல்ஸ் போல் இருந்தால் சிரிங்கோடியம். கரண்டி வடிவச் சின்ன இலை ஹாலோபிலா. கடைசியாகச் சொன்னது விரல் உயரம்கூட இராது. அதில் வளர்ந்த கடல் குதிரைக்கு மறைவு குறைவு.

இனிமேல்தான் தேடல். குதிரை வடிவத்தைத் தேடினால் கிடைக்காது. அசைவைத் தேடுங்கள். அலை வரும்போது இலை அடியில் நின்று நுனியில் ஆடும், அதுவும் வளைந்து வளைந்து ஆடும். கடல் குதிரை வாலால் பிடித்துக்கொண்டு, உடம்பு விறைப்பாக, குச்சி சாய்வது போல் மொத்தமாகச் சாய்ந்து மொத்தமாக நிமிரும். இலைக் கூட்டத்தில் ஒன்று மட்டும் தாளம் தப்பி ஆடுகிறது என்றால் அங்கே நில்லுங்கள். பிறகு அடியைப் பாருங்கள்: இலைக் காம்பைச் சுற்றி ஒரு சுருள். புல்லில் சுருள் இயற்கையாக வராது. சுருளிலிருந்து மேலே ஏறினால் கண். அந்தக் கண் மட்டும் உங்கள் பக்கம் திரும்பும். மற்றொன்று வேறெங்கோ பார்த்துக்கொண்டிருக்கும். முதுகில் விசிறி போன்ற துடுப்பு ஒன்று நொடிக்கு முப்பது முறைக்கும் மேல் துடிக்கும், கண்ணுக்குப் புகை போலத்தான் தெரியும்.

அடர்ந்த புல்லின் நடுவைவிட ஓரங்களில் அதிகம் நேரம் செலவிடுங்கள். புல்லும் மணலும் சந்திக்கும் கோடு, உதிர்ந்த இலைகள் குவிந்த பள்ளம், அறுந்து கிடக்கும் கயிறு, பழைய மீன் கூடு, நங்கூரக் கயிறு, கடற்பஞ்சு. வால் பிடிக்க ஏதாவது கிடைத்து, முன்னால் இரை மிதந்து வரத் திறந்த தண்ணீரும் இருந்தால் அது நல்ல இடம். குழல்மீனைக் கண்டு ஏமாறாதீர்கள். அது நேர்கோடாக இருக்கும், தலை உடம்போடு ஒரே வரிசை. கடல் குதிரையின் தலை மட்டும் கழுத்தில் மடங்கி நிற்கும்.

ஒன்றைக் கண்டவுடன் கையை நீட்டிக் காட்டத் தோன்றும். கையைக் கட்டிக்கொண்டு, ஒரு கை நீளம் தள்ளியே மிதந்து, தோழருக்குத் தலையால் சைகை காட்டுங்கள். மீன் முதுகைத் திருப்பினால், மோவாயை மார்போடு ஒடுக்கினால், நிறம் கறுத்தால் அது உங்களைப் பொறுக்கவில்லை என்று பொருள். பிடியை விட்டு நீந்தத் தொடங்கினால் நீங்கள் ஏற்கெனவே அதிக நேரம் நின்றுவிட்டீர்கள். அதற்கு நீச்சல் சுமார்தான். பிடி விட்டு நடுத்தண்ணீரில் நிற்கும் கடல் குதிரை பெரிய மீனுக்கு எளிய இரை. ஒரு மீனுக்கு இரண்டு நிமிடம், அதற்கு மேல் வேண்டாம்.

கணக்கெடுக்கும் முறை

நாடாவை ஆழம் மாறாமல், கரைக்கு இணையாக விரியுங்கள். விரித்ததும் பத்து நிமிடம் விலகி இருங்கள், கிளம்பிய சேறு அடங்கட்டும். இந்தப் பத்து நிமிடத்தைச் சேமிக்க நினைப்பதுதான் புதியவர்கள் செய்யும் முதல் பிழை. பிறகு இருவரும் நாடாவின் இரு பக்கத்திலும் பக்கத்துக்கு ஒரு மீட்டர் அகலம் பார்த்துக்கொண்டு மெதுவாக முன்னேறுங்கள். 30 மீட்டருக்கு அரை மணி நேரம் ஆக வேண்டும். 15 நிமிடத்தில் முடித்துவிட்டால் நீங்கள் நீந்தியிருக்கிறீர்கள், தேடவில்லை.

ஒரு மீட்டர் அகலம் என்பது தண்ணீருக்குள் ஏமாற்றும். முகக் கண்ணாடி வழியே பொருள்கள் மூன்றில் ஒரு பங்கு பெரிதாகவும் கால் பங்கு கிட்டத்திலும் தெரியும். ஆகவே ஒரு மீட்டர் நீளக் குழாயைக் கையில் வைத்துக்கொண்டு, சந்தேகம் வரும்போதெல்லாம் நாடாவிலிருந்து நீட்டிப் பாருங்கள். எல்லைக்கு வெளியே கண்ட மீனைத் தனியாகக் குறியுங்கள், கணக்கில் சேர்க்காதீர்கள். “பக்கத்தில்தானே இருந்தது” என்று சேர்த்துக்கொள்வது எல்லோருக்கும் வரும் ஆசை. அதைச் செய்தால் அகலம் என்ற எண்ணுக்கே அர்த்தம் போய்விடும்.

உயரத்துக்கும் இதே மாயம் உண்டு. 16 செ.மீ. போல் தெரிவது உண்மையில் 12 செ.மீ. கரையில் 5, 8, 12, 15 செ.மீ. நீளத்தில் குச்சிகள் வெட்டி, தோழர் அவற்றைத் தண்ணீருக்குள் மாற்றி மாற்றிக் காட்ட, நீங்கள் ஊகித்து எழுதிப் பழகுங்கள். பத்தில் எட்டு முறை ஒரு சென்டிமீட்டருக்குள் வரும் வரை இதைச் செய்யலாம். கடல் குதிரையின் உயரம் என்றால் கொண்டை உச்சியிலிருந்து நீட்டிய வாலின் நுனி வரை. உயிருள்ள மீன் வாலைச் சுருட்டியே வைத்திருக்கும், அதை நீட்டிப் பார்க்கும் உரிமை நமக்கு இல்லை. அதனால் அளவுக்கோடு போட்ட தகட்டை மீனுக்கு அடுத்து, மீனைத் தொடாமல், அதே தூரத்தில் பிடித்துப் பக்கவாட்டுப் படம் எடுங்கள். மூக்கு நுனியிலிருந்து செவுள் மூடிக்குப் பின்னுள்ள வளையம் வரை தலை நீளம். மூக்கு நுனியிலிருந்து கண்ணுக்கு முன்னுள்ள மேடு வரை மூக்கு நீளம். இவ்விரண்டையும் கரையில் திரையில் வைத்து அளக்கலாம். பக்கவாட்டில் ஒன்று, கொண்டை தெரிய ஒன்று, வயிறும் வாலும் சேருமிடம் ஒன்று என மூன்று படம் போதும். ஃபிளாஷ் அறவே வேண்டாம். அந்த மீனுக்கு இமை கிடையாது.

நாடாவில் 0, 5, 10 என்று 30 வரை ஏழு இடங்களில் சதுரச் சட்டத்தை வைத்து, உள்ளே எத்தனை சதவீதம் புல் மூடியிருக்கிறது, எந்தப் புல், இலை உயரம் என்ன என்று எழுதுங்கள். இதை மீன் எண்ணிக்கை முடிந்து திரும்பி வரும்போது செய்யுங்கள். முதலில் செய்தால் மீன்கள் கலைந்துவிடும். பிறகு முதல் நாடாவிலிருந்து 25 மீட்டர் தள்ளி இரண்டாவது, இன்னொரு 25 மீட்டர் தள்ளி மூன்றாவது.

தகட்டில் எழுத வேண்டியவை: தேதி, தொடங்கிய நேரம், முடித்த நேரம், தேடியவர் எண்ணிக்கை, நாடா நீளம், பார்த்த அகலம், ஆழம், தெளிவு, காற்று, தண்ணீர்ச் சூடு. ஒவ்வொரு மீனுக்கும்: நாடாவில் எத்தனையாவது மீட்டர், இனம், ஆண் பெண் இளசு, பை உப்பியிருக்கிறதா, உயரம், வால் எதைப் பிடித்திருந்தது. கடைசியாக, பக்கத்தில் என்ன வலை, என்ன படகு வேலை செய்துகொண்டிருந்தது. பலர் விட்டுவிடும் வரி இது. புல் கிழிந்த தடம் ஏன் வந்தது என்று இரண்டு வருடம் கழித்து நீங்களே கேட்கும்போது இந்த வரிதான் கைகொடுக்கும்.

ஒரு கணக்கைப் போட்டுப் பார்ப்போம். மூன்று நாடா, ஒவ்வொன்றும் 30 மீட்டர் நீளம், 2 மீட்டர் அகலம்: மொத்தம் 180 சதுர மீட்டர். கண்டது இரண்டு மீன். 2-ஐ 180-ஆல் வகுத்து 100-ஆல் பெருக்கினால், 100 சதுர மீட்டருக்கு 1.1. இரண்டு பேர் ஒன்றரை மணி நேரம் தேடினால் மூன்று ஆள்-மணி, ஆள்-மணிக்கு 0.67 மீன். அடுத்த மாதம் ஒன்றுமே இல்லை என்றால் இரண்டிலும் 0 என்று எழுதி, 180 சதுர மீட்டரையும் மூன்று ஆள்-மணியையும் அப்படியே எழுதுங்கள். பூஜ்யம் வரும் நாட்கள் நிறைய இருக்கும். கடல் குதிரை எங்குமே நெருக்கமாக வாழும் மீன் இல்லை. பூஜ்யம் எழுதக் கூச்சப்பட்டு அந்தத் தாளைக் கிழித்துப் போட்டவர்களின் கணக்கில் மீன் எப்போதும் ஏராளமாக இருப்பது போலத் தோன்றும், கடல் வெறுமையாகிக்கொண்டிருந்தாலும்.

மாதம் ஒருமுறை, அதே இடம், அதே ஆட்கள். ஆள் மாறினால் புதியவரும் பழையவரும் ஒரே நாடாவை அரை மணி இடைவெளியில் தனித்தனியாகப் பார்த்து எண்ணிக்கையை ஒப்பிட்டுக்கொள்ளுங்கள்.

வலையில் வந்துவிட்டால்

நண்டு வலை, கரைவலை, தள்ளுவலை, இழுவை மடி எல்லாவற்றிலும் கடல் குதிரை சிக்கும். நீந்தி வந்து மாட்டுவதல்ல. புல்லோடு சேர்ந்து வருவதும், வலைக் கண்ணியையே தாழை என்று வாலால் பிடித்துக்கொள்வதும்தான். வலையிலிருந்து மீன் கழிக்கும்போது உயிரோடு இருந்தால் இப்படிச் செய்யலாம்.

1. அந்த வலைப் பகுதியைக் கடல் தண்ணீர் நிரம்பிய வாளிக்குள் அமிழ்த்துங்கள். நீருக்கு வெளியே தொங்கவிட்டால் காற்றை விழுங்கிவிடக்கூடும். பிறகு மூழ்க முடியாமல் மேலே மிதக்கும்.

2. வாலைப் பிடித்து இழுக்காதீர்கள். இழுக்க இழுக்க இன்னும் இறுக்கும், தோலும் உரியும். ஈரக் கையின் சுண்டுவிரலை வாலருகே நீட்டிக் காத்திருங்கள். கொஞ்ச நேரத்தில் கண்ணியை விட்டு விரலைச் சுற்றிக்கொள்ளும். விடவே மாட்டேன் என்றால் கண்ணியை வெட்டிவிடுங்கள். ஒரு கண்ணி போனால் அரை நிமிடத்தில் முடிந்துகொள்ளலாம்.

3. வாளியில் ஒரு துண்டுக் கயிறோ தாழை இலையோ போடுங்கள், பிடித்துக்கொள்ளட்டும். நிழலில் வையுங்கள். நல்ல தண்ணீர், ஐஸ் தண்ணீர் ஒரு சொட்டும் கூடாது.

4. அரை மணிக்குள், பிடிபட்ட இடத்துக்குப் பக்கத்திலேயே விடுங்கள். ஆழத்தில் இழுத்த மடியில் வந்ததைக் கரைக்குக் கொண்டுவந்து புல்லில் விடுவது உபகாரம் இல்லை. அது வேறு இனமாக இருக்கலாம்.

5. வீசி எறியாதீர்கள். வாளியைத் தண்ணீர் மட்டத்தில் சாய்த்து, மீன் தானாக வெளியேற விடுங்கள். ஆழம் குறைந்த இடமானால் விரலைத் தாழைக்கு அருகே கொண்டுபோனால் அதுவே இலைக்கு மாறிக்கொள்ளும்.

பை உப்பிய ஆணை அழுத்திப் பார்க்கக் கூடாது. அதற்குள் சில நூறு உயிர் இருக்கிறது. கழித்த குப்பையோடு கரையில் செத்துக் காய்ந்து கிடப்பதைக் கண்டால் அளவுத் தகட்டைப் பக்கத்தில் வைத்துப் படம் எடுத்துவிட்டு அங்கேயே விட்டுவிடுங்கள். மருந்துக்கு என்று காய்ந்ததை வாங்க வருகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அப்படி யாரையாவது கண்டால் வாக்குவாதத்துக்குப் போகாமல் வனத்துறைக்குச் சொல்லுங்கள்.

பதிவை எங்கே சேர்ப்பது

கரையேறிய அன்றே தகட்டைப் படம் எடுத்து, நோட்டில் மறுபடி எழுதுங்கள். உப்பு காய்ந்தால் பென்சில் கோடு அழிந்துவிடும். நாடாவையும் சட்டத்தையும் நல்ல தண்ணீரில் அலசிக் காயவையுங்கள். பதிவுகளை ஐசீஹார்ஸ் என்ற உலகளாவிய தளத்தில் சேர்க்கலாம். 1996-ல் அமாண்டா வின்சென்ட், ஹெதர் கோல்ட்வே இருவரும் தொடங்கிய புராஜெக்ட் சீஹார்ஸ் அமைப்பு நடத்துவது அது. ஐநேச்சுரலிஸ்ட் என்ற இயற்கைப் பதிவுத் தளத்தில் ஏற்றினால் இடத்தை மறைக்கும் வசதியைத் தேர்ந்தெடுத்துவிட்டு ஏற்றுங்கள். வாட்ஸ்அப் குழுவிலோ ஃபேஸ்புக்கிலோ படம் போடுவதானால் படத்தில் ஒட்டியிருக்கும் ஜி.பி.எஸ். விவரத்தை நீக்கிவிட்டு, மாவட்டப் பெயரோடு நிறுத்திக்கொள்ளுங்கள். கரையில் இருக்கும் கோயில், கலங்கரை விளக்கம், பாலம் எதுவும் பின்னணியில் தெரியாமல் பார்த்துக்கொள்ளுங்கள். சரியான இடம் உங்கள் நோட்டிலும், வனச்சரக அலுவலகத்துக்குக் கொடுக்கும் தாளிலும் மட்டும் இருக்கட்டும்.